கிணற்றைத் தேடிப் போன இன்ஸ்பெக்டர்

ஒரு சின்னப் பரீட்சை வைக்கட்டுமா? பயப்படாதீங்க, ரெண்டே கேள்விதான்.

போலீஸ் ஸ்டேஷனில் போய் ‘கிணத்தைக் காணோம்’ என்று புகார் கொடுத்தவர் யார்? நான் கேட்டு முடிப்பதற்குள் ‘வடிவேலு’ என்று சொல்லியிருப்பீர்கள். வீட்டில் ஒண்ணாங்கிளாஸ் படிக்கிற பிள்ளை இருந்தால் அதுவும் சொல்லும்.

சரி, ரெண்டாவது கேள்வி. அந்தப் புகாரை வாங்கினவர் யார்?

இங்கேதான் தொண்டையைச் செருமுவீர்கள். ‘அவர்தான் சார்... அந்த இன்ஸ்பெக்டர்... திருநெல்வேலிப் பாஷை பேசுவாரே... நிறையப் படத்துல வருவாரே...’ முகம் கண் முன்னால் நிற்கும், பேர் மட்டும் வராது. வெட்கப்பட ஒன்றுமில்லை. ஒரு திருநெல்வேலிக்காரனான எனக்கே அந்தப் பேர் பல வருஷம் தெரியாமல்தான் இருந்தது. அவர் நெல்லை சிவா.

2021 மே 11-ம் தேதி, பணகுடியில் தன் சொந்த வீட்டில், மாரடைப்பில் இறந்துபோனார். வயது 69. அது எப்பேர்ப்பட்ட காலம் என்று உங்களுக்கு ஞாபகம் இருக்கும். கொரோனா இரண்டாவது அலை. அதற்கு முந்தின நாள்தான் தமிழ்நாட்டில் முழு ஊரடங்கு ஆரம்பித்திருந்தது. ஏப்ரல் 17-ல் விவேக், மே 6-ல் பாண்டு என்று சிரிக்க வைத்தவர்கள் வரிசையாகப் போய்க்கொண்டிருந்தார்கள். அந்த வரிசையில் மூன்றாவது, நான்காவது ஆளாகப் போகிறவருக்கு டி.வி-யில் எவ்வளவு நேரம் கிடைக்கும்? செய்தியின் அடியில் ஓடுகிற வரியில் கொஞ்சம் ஓடினார். காட்டினதும் அந்தக் கிணற்றுக் காட்சியைத்தான். அதிலும் வடிவேலுதான் அதிகம் தெரிந்தார்.

‘ஆண் பாவம்’ 1985-ல் வந்தது. பாண்டியராஜன் படம். அதில்தான் இவர் முகம் முதன்முதலாகத் திரையில் தெரிந்தது. அப்போதே முப்பதைத் தாண்டிவிட்டார். அங்கிருந்து முப்பத்தைந்து வருஷம். மகாபிரபு, வெற்றிக் கொடி கட்டு, அன்பே சிவம், சாமி, திருப்பாச்சி என்று போய்க்கொண்டே இருக்கும் பட்டியல். ஒரு பக்கம் வடிவேலு, இன்னொரு பக்கம் விவேக். இரண்டு பேர் கடையிலும் இவருக்கு வேலை இருந்தது. எந்தப் போஸ்டரிலும் படம் கிடையாது. டைட்டிலில் பத்துப் பதினைந்து பேரை ஒரே மூச்சில் போடுவார்களே, அந்தக் கூட்டத்தில் ஒரு பேர். நாம் அப்போது முறுக்கு வாங்கிக்கொண்டு இருட்டில் சீட்டைத் தேடிக்கொண்டிருப்போம்.

பேரைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். நம் சினிமாவில் சின்ன நடிகர்களுக்குத் தனிப் பேர் தங்காது. முன்னால் எதையாவது ஒட்டிவிட வேண்டும். நடித்த படத்தை ஒட்டலாம்: வெண்ணிற ஆடை மூர்த்தி, பூ ராமு. தின்பண்டத்தை ஒட்டலாம்: அல்வா வாசு, போண்டா மணி. எதுவும் சரியாக வராவிட்டால் இருக்கவே இருக்கிறது ஊர். (நாயகர்களுக்கும் ‘ஜெமினி’, ‘சிவாஜி’ என்று ஒட்டியிருக்கிறார்களே என்பீர்கள். அங்கே ஒட்டு பட்டமாக மாறிவிட்டது. இங்கே அது அட்ரஸ்.) ஊரை ஒட்டிக்கொண்டவருக்கு ஒரு சிக்கல் உண்டு. அதற்குப் பிறகு அவர் ஒரு ஆள் கிடையாது, ஊரே அவர்தான். கேமரா முன்னால் நின்றால் ஒரு மாவட்டத்தையே முதுகில் தூக்கிக்கொண்டு நிற்க வேண்டும்.

அந்த மாவட்டத்தைச் சினிமாக்காரர்கள் என்னவென்று வைத்திருந்தார்கள்? அல்வா, அரிவாள், அப்புறம் ‘ஏலே’. அவ்வளவுதான். மூன்றையும் கலந்தால் திருநெல்வேலி.

‘ஏலே’யில் ஒன்றும் தப்பில்லை. பெற்ற தாயும் பிள்ளையை அப்படித்தான் கூப்பிடுவாள். ஆனால் நெல்லைத் தமிழின் உயிர் அந்த ஒரு சொல்லில் இல்லை. வினைச்சொல்லின் வாலைப் பிடித்துப் பாருங்கள், அங்கே இருக்கும். மற்ற ஊர்க்காரன் ‘பாக்குறான்’ என்பான், நாங்கள் ‘பாக்கான்’ என்போம். ‘சொல்றாங்க’ இங்கே ‘சொல்லுதாவ’ ஆகிவிடும். ‘வந்தாம்லா’ என்று ஒரு ‘லா’ போடுவோம். அந்த ‘லா’ இருக்கே, அது கேட்டுக்கொண்டிருக்கிறவனையும் சாட்சிக்கு இழுத்துவிடும். ‘ஒனக்கும் தெரியும்லா’ என்று தோளில் கை போடுகிற மாதிரி. ‘வே’ என்று ஒன்று உண்டு. சண்டைக்கும் அதுதான், டீ வாங்கிக் கொடுக்கும்போதும் அதுதான். எது எப்போது என்பது இழுப்பில் இருக்கிறது. இதிலும் ஊருக்கு ஊர் மாறும். பாபநாசத்தில் மலையிறங்கி, அம்பாசமுத்திரம், சேரன்மகாதேவி, திருநெல்வேலி, ஸ்ரீவைகுண்டம் என்று தாமிரபரணி போகிற வழியெல்லாம் பேச்சு கொஞ்சம் கொஞ்சமாக நிறம் மாறிக்கொண்டே போகும்.

சிவாவின் பணகுடி அந்த ஆற்றங்கரை ஊர் இல்லை. திருநெல்வேலியிலிருந்து நாகர்கோவில் போகிற வழியில், மாவட்டத்தின் தென்கோடியில், மலையோரம், காற்றாலைகள் சுற்றுகிற பக்கம். அங்கிருந்து கொஞ்ச தூரம் போனால் நாஞ்சில் நாடு வந்துவிடும். ஆற்றங்கரைப் பேச்சில் ஒரு நனைப்பு இருக்கும். இவர் பேச்சில் காற்றடித்து ஈரம் போயிருக்கும். சொற்களை வெயிலில் காயப் போட்டு எடுத்த மாதிரி கரகரவென்று வரும். ‘எல்லாம் ஒரே திருநெல்வேலிப் பாஷைதானே சார்’ என்று வெளியூர்க்காரர் சொல்லலாம். எங்களுக்கு அப்படிக் கேட்காது. இது தெற்கத்தி ஆளு என்று முதல் வரியிலேயே பிடிபட்டுவிடும்.

இப்போது நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன்.

2015-ல் ‘பாபநாசம்’ வந்தது. கமல்ஹாசன் சுயம்புலிங்கமாக நெல்லைத் தமிழ் பேசினார். வசனம் ஜெயமோகன்; நெல்லைப் பேச்சுக்கு எங்கள் ஊர் எழுத்தாளர் சுகாவின் துணை. ஒவ்வொரு சொல்லையும் கேட்டுக் கேட்டுப் படித்துப் பேசினார் கமல். ‘என்னமா உழைச்சிருக்காரு பாரு’ என்று ஊரே பாராட்டியது. நானும்தான் பாராட்டினேன், தப்பே இல்லை. ஆனால் அதற்கு முப்பது வருஷம் முன்னாலிருந்தே ஒரு மனிதர் இதே தமிழைத் திரையில் பேசிக்கொண்டிருந்தார். அதைப் பற்றி யாராவது ‘நடிப்பு’ என்று எழுதியிருக்கிறார்களா? ‘அவரு அந்த ஊர்க்காரரு, அப்படித்தான் பேசுவாரு’ என்று தள்ளிவிட்டோம். நட்சத்திரம் பேசினால் அது உழைப்பு. சின்ன நடிகர் பேசினால் அது பிறப்பு. இந்தக் கணக்கு எனக்கு ஒத்துவரவில்லை.

டெல்லி கணேஷை எடுத்துக்கொள்ளுங்கள். தாமிரபரணிக் கரைக்காரர்தான், வல்லநாடு. 2024 நவம்பரில் காலமானார். அவரை நாம் கொண்டாடுவது எதற்கு? ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தில் பாலக்காட்டு சமையல்காரராக அவர் பேசின பேச்சுக்கு. அடுத்த ஊர்ப் பேச்சைப் பேசியதால்தான் அது நடிப்பு என்று நமக்கு உறைத்தது. சொந்த ஊர்ப் பேச்சிலேயே கடைசிவரை நின்றவருக்கு அந்தப் புண்ணியம் கிடைக்கவில்லை.

‘சாமி’யைப் பாருங்கள், 2003. கதை நடப்பது திருநெல்வேலியில். பாட்டே அல்வாவில்தான் ஆரம்பிக்கும். உள்ளூர்ப் பெரும்புள்ளி பெருமாள் பிச்சையாக வந்தவர் தெலுங்கு நடிகர் கோட்டா சீனிவாச ராவ். பிரமாதமாகப் பண்ணினார், அது வேறு. ஆனால் அப்படி ஒரு படத்தில் திருநெல்வேலியின் காற்று எங்கிருந்து வருகிறது? ஓரத்தில் நிற்கிற நெல்லை சிவா மாதிரி நாலைந்து பேரிடமிருந்துதான். பெரிய ஆட்கள் கதையை நகர்த்துவார்கள். இவர்கள் வாயைத் திறந்தால்தான் ஊர் ஊராகும். சமையலில் பெருங்காயம் மாதிரி. இலையில் அதைத் தனியாகத் தேடினால் கிடைக்காது. இல்லாவிட்டால் மட்டும் தெரியும்.

சரி, ‘நடிப்பு, நடிப்பு’ என்கிறாயே, எங்கே காட்டு என்பீர்கள். அந்தக் கிணற்றுக்கே போவோம்.

படம் ‘கண்ணும் கண்ணும்’, 2008. இயக்கியவர் ஜி.மாரிமுத்து. (பிற்பாடு ‘எதிர்நீச்சல்’ தொடரில் வீட்டையே ஆட்டி வைத்தாரே, அவரேதான். அவரும் 2023 செப்டம்பரில் போய்விட்டார்.) அந்தப் படத்தின் கதையை இப்போது கேட்டால் நூற்றில் ரெண்டு பேர் சொல்வார்கள். கிணறு மட்டும் நிற்கிறது.

பொதுவாக வடிவேலு காமெடியின் சூத்திரம் என்ன? அவர் பெரிதாக ஆரம்பிப்பார், அடி வாங்குவார், அழுவார். சுற்றியிருக்கிற அல்வா வாசு, போண்டா மணி, முத்துக்காளை, வெங்கல் ராவ் எல்லோரும் அவரைப் புரட்டி எடுப்பார்கள். கடைசியில் நொந்து நூலாகிப் போகிறவர் வடிவேலு. கிணற்றுக் காட்சியில் இது அப்படியே தலைகீழ். இங்கே வடிவேலு நிதானமாக இருக்கிறார். கையில் கிணறு வெட்டின ரசீது இருக்கிறது. அவரைப் பொறுத்தவரை அவர் சொல்வது நூற்றுக்கு நூறு நியாயம். நொந்து போக வேண்டிய ஆள் எதிரில் காக்கிச் சட்டையில் உட்கார்ந்திருக்கிறார். அதாவது, வழக்கமாக வடிவேலு செய்கிற வேலையை அந்த ஒரு காட்சியில் செய்கிறவர் நெல்லை சிவா.

எவ்வளவு கஷ்டமான வேலை பாருங்கள். எதிரில் இருப்பது தமிழ்நாட்டின் மகா கலைஞன். அவர் நெற்றியைச் சுருக்கினால் தியேட்டர் சிரிக்கும். அவரோடு போட்டி போட்டு முகத்தைக் கோணினால் காட்சி செத்துப்போகும். சும்மா நின்றாலும் செத்துப்போகும். புகாரை நம்பவும் கூடாது, ரசீதைப் பார்த்த பிறகு நம்பாமல் இருக்கவும் முடியாது. காக்கிச் சட்டைக்கு உண்டான விறைப்பு ஒரு பக்கம், ‘இது என்னடா கூத்து’ என்கிற மனுஷன் ஒரு பக்கம். அந்த விறைப்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கழன்று விழ வேண்டும். ஒரேயடியாக விழுந்தால் சிரிப்பு வராது. கடைசியில் இந்த வேலையே வேண்டாம் சாமி என்று ஆகிற இடத்துக்கு அவர் படிப்படியாகத்தான் வந்து சேர்கிறார். ஒவ்வொரு படியிலும் ஒரு கேள்வி கேட்கிறார். கேள்வி சரியாக விழுந்தால்தானே பதிலுக்குச் சிரிப்போம்? கிரிக்கெட்டில் அந்தப் பக்கம் நிற்கிறவன் சரியான நேரத்துக்கு ஓடினால்தான் இந்தப் பக்கத்துக்காரன் கணக்கில் ரன் ஏறும்.

இன்னொன்றும் கவனியுங்கள். கிணற்றைத் தேடிப் போகிற ஒரு இன்ஸ்பெக்டர் என்றால் நம் அரசாங்க எந்திரமே ஒரு ஜீப்பில் ஏறிப் போகிற மாதிரி. காகிதத்தில் இருந்தால் நிலத்தில் இருந்தே ஆக வேண்டும். நிலத்தில் இல்லை, காகிதத்தில் இருக்கிறது. இப்போது என்ன செய்ய? இந்தத் திகைப்பைச் சுமக்கிற முகம் அந்த இன்ஸ்பெக்டருடையது. வடிவேலு சிரிக்க வைக்கிறார். மாட்டிக்கொண்டது யார் என்று அந்த இன்ஸ்பெக்டரின் முகத்தைப் பார்த்தால்தான் தெரிகிறது. அதற்கப்புறம் எந்த ஊரில் கிணறு, குளம், ஓடை காணாமல் போனாலும் பேப்பரில் ‘வடிவேலு பாணியில் புகார்’ என்று போடுகிறார்கள். மனு வாங்கின தாசில்தாருக்கு எந்தப் பாணி என்று போடுவதில்லை.

அமெரிக்காவிலும் இப்படி ஒரு கதை உண்டு. மார்க்ஸ் சகோதரர்கள் என்று சிரிப்புக்காரர்கள், நம் தாத்தா காலம். அவர்களுடைய ஏழு படங்களில் மார்கரெட் டூமான்ட் என்றொரு அம்மாள் வருவார். பணக்கார வீட்டு அம்மாளாக நிமிர்ந்து நிற்பார். க்ரூச்சோ மார்க்ஸ் வாய்க்கு வந்தபடி அவரைக் கலாய்ப்பார். அம்மாள் அதிர்ச்சியோடு பார்ப்பார். அதுதான் அவர் வேலை. 1974-ல் க்ரூச்சோவுக்குச் சிறப்பு ஆஸ்கர் கொடுத்தார்கள். மேடையில் அந்த அம்மாளை ஞாபகம் வைத்துச் சொன்னார், நல்ல விஷயம். ஆனால் என்ன சொன்னார் தெரியுமா? நாங்கள் அடித்த ஜோக் ஒன்றுகூட அந்த அம்மாளுக்குக் கடைசிவரை புரிந்ததில்லை என்று. அவரோ நாடக மேடையில் பழுத்த நடிகை. புரியாத மாதிரி நின்றது நடிப்பு என்று கூட நடித்தவரே சபையில் சொல்லவில்லை என்றால், ரசிகனை என்ன சொல்ல?

இதற்காக நெல்லை சிவா தொட்டதெல்லாம் பொன் என்று நான் கதை விடப்போவதில்லை. நிறையப் படங்களில் அவர் வந்தார், கத்தினார், போனார். இயக்குநர்கள் அவரிடம் கேட்டது ஒரே ஒரு சட்டை. அவரும் அதையே துவைத்துத் துவைத்துப் போட்டுக்கொண்டார். குரலைத் தணித்துப் பேச வேண்டிய இடத்திலும் உச்சத்தில் நிற்பார். சில காட்சிகளில் எனக்கே சேனலை மாற்றத் தோன்றியிருக்கிறது. ‘திருநெல்வேலிப் பாஷைன்னா சத்தமாப் பேசணும்’ என்று யாரோ அவரிடம் சொல்லி, அவரும் நம்பிவிட்டார் போல. எங்கள் ஊரில் மெதுவாகவும் பேசுவார்கள் ஐயா. சாவு வீட்டுத் திண்ணையில், ‘என்னய்யா செய்ய’ என்று ஒரு பெரியவர் துண்டை உதறித் தோளில் போடும்போது வருகிற குரல் இருக்கிறதே, அதுவும் நெல்லைத் தமிழ்தான். நான் பார்த்த படங்களில் சிவாவை அந்தக் குரலில் பேசவிட்டவர் யாரும் இல்லை. அதில்தான் எனக்கு ஆதங்கம்.

ஏனென்றால் அப்படிப் பேச ஒரு சினிமா பின்னால் வந்தது. 2018-ல் ‘பரியேறும் பெருமாள்’. மாரி செல்வராஜ், ஸ்ரீவைகுண்டம் பக்கத்துப் புளியங்குளத்துக்காரர். பரியனின் அப்பாவாக ஒருவர் வருவாரே, ஞாபகம் இருக்கிறதா? பெண் வேஷம் கட்டி ஆடுகிற கூத்துக் கலைஞர். மகன் படிக்கிற கல்லூரி வாசலில் அவரை ஓட ஓட விரட்டுவார்கள். திரையில் பார்க்க முடியாமல் நான் தலையைக் குனிந்துகொண்டேன். அந்த வேஷத்தில் வந்த தங்கராஜ் நிஜத்திலும் திருநெல்வேலிக் கூத்துக் கலைஞர்தான். ஊர் ஊராக ஆடின உடம்பு அது. 2023 பிப்ரவரியில் அவரும் காலமாகிவிட்டார். ஒரே படத்தில் அவருக்குக் கிடைத்தது, முப்பத்தைந்து வருஷத்தில் நெல்லை சிவாவுக்குக் கிடைக்கவில்லை: ஊர்க்காரனாக நின்று, சிரிப்பு வராமல் பார்க்கப்படுவது. அங்கேயும் இதே பேச்சுதான் வந்தது, ‘அவர் நடிக்கலீங்க, வாழ்ந்துட்டார்’ என்று. பாராட்டு மாதிரி தெரியும். யோசித்தால், அவர் நடிப்பைப் பிடுங்கிக்கொள்கிற பாராட்டு அது. தெரியாத ஆட்கள் முன்னால், கேமராவுக்கு நடுவில், எத்தனை முறை எடுத்தாலும் அந்த ஓட்டத்தை ஓட வேண்டும் என்றால் அது சும்மா வாழ்வதா?

2021 ஏப்ரல் 9-ல் ‘கர்ணன்’ வந்தது. ஏறக்குறைய ஒரு மாதம் கழித்து சிவா போய்விட்டார். 2024-ல் ‘வாழை’. அந்தப் பிள்ளைகள் பேசுகிற தமிழைக் கேட்டு மாநிலமே அழுதது. ‘பாக்கான்’, ‘நிக்கான்’ என்று கேட்டால் சிரிப்பதற்காகக் காத்திருந்த தியேட்டர்கள், அதே சொல்லுக்கு மூக்கை உறிஞ்சின. காலம் மாறிவிட்டது. அந்தப் படங்களில் பம்ப்செட் ஓரமாக உட்கார்ந்திருக்கிற பெரியவர்களைப் பார்க்கும்போதெல்லாம் அந்த இடத்தில் சிவாவை உட்கார வைத்துப் பார்க்கிறேன். காக்கிச் சட்டை இல்லாமல், கத்தாமல். பொருந்துகிறார். நன்றாகவே பொருந்துகிறார்.

சென்னையில் முப்பத்தைந்து வருஷம் புரண்டும் ஒருவர் தன் பேச்சை மாற்றிக்கொள்ளாமல் இருப்பது லேசுப்பட்ட காரியம் இல்லை. எங்கள் பையன்கள் எக்மோரில் இறங்கி ஆறே மாதத்தில் ‘இன்னா’ என்கிறார்கள். போனில் அம்மாவிடம் பேசும்போது மட்டும் பழசு எட்டிப் பார்க்கும். இவருக்கு அது பிழைப்பு, அதனால் வைத்துக்கொண்டார் என்று சொல்லலாம். இருக்கட்டும். பிழைப்புக்காகத் தொலைத்தவர்கள்தானே நம்மில் அதிகம்.

காமெடி சேனல்கள் இருக்கிறவரை அந்தக் காட்சிக்கு அழிவில்லை. இன்றைக்கு ராத்திரி சாப்பிட உட்காரும்போதுகூட ஏதாவது ஒன்றில் ஓடும். வடிவேலுவை ஏற்கெனவே ஐம்பது தடவை பார்த்தாயிற்று. இந்த ஒரு தடவை அவரை விட்டுவிட்டு, ரசீதைக் கையில் வாங்கிப் பார்க்கிறாரே இன்ஸ்பெக்டர், அவரைப் பாருங்கள்.